பதினோரு வினாடிக்கு நான் போட்ட இசை

நான் டாக்குமெண்டரி படங்களுக்கு இசை அமைக்கிறவன். யாராவது என்னை "மியூசிக் டைரக்டர்" என்று அறிமுகப்படுத்தினால் எதிரில் இருப்பவர் நிமிர்ந்து உட்கார்ந்து, "எந்தப் படம் சார்?" என்று ஆவலாகக் கேட்பார். நான் சொல்லத் தொடங்குவேன். கொசு ஒழிப்பைப் பற்றி ஒன்று, ஏரிகளைப் பற்றி இரண்டு, தொழிற்சாலையில் தீப்பிடித்தால் எந்தக் கதவு வழியாக வெளியே ஓட வேண்டும் என்பதைப் பற்றி ஒன்று. அவர் மறுபடியும் சாய்ந்து உட்கார்ந்துகொள்வார். இருபது வருடமாக இதைப் பார்த்துப் பழகிவிட்டது.

அப்பா திருநெல்வேலிப் பக்கத்திலிருந்து ஆவடிக்கு வந்து, ராணுவத் தொழிற்சாலையில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர். அவருக்கு என் தொழில் கடைசி வரை விளங்கவே இல்லை. "பாட்டே இல்லாத படத்துக்கு மியூசிக் எதுக்குல?" என்று கேட்டார். நான் ஏதோ பெரிதாக விளக்கினேன். "சரி, சோறு போடுதா?" என்றார். போடுகிறது என்றேன். அதோடு விட்டுவிட்டார். குவார்ட்டர்ஸில் பக்கத்து வீட்டுக்காரர்களிடம் நான் கம்ப்யூட்டரில் வேலை செய்வதாகச் சொல்லிவைத்திருந்தார். அதுவும் பொய் இல்லை.

கல்யாண ரிசப்ஷன்களில் கச்சேரிக் குழுவோடு கீபோர்டு வாசித்துக்கொண்டிருந்தவன் நான். யாரோ ஒருவர் பாதுகாப்புப் பயிற்சிப் படம் ஒன்றுக்கு "பின்னாடி ஏதாவது ஓடிக்கிட்டே இருக்கட்டும்" என்று கூப்பிட்டார். ஓடவிட்டேன். அது பிடித்துப்போய் இன்னொருவர் கூப்பிட்டார். இப்படியே கொரட்டூரில் ரயில் பாதைக்கு இந்தப் பக்கம் ஒரு வாடகை வீடு, அதில் ஒரு படுக்கையறையை அடைத்து ஸ்டூடியோ என்று ஆகிவிட்டது. எந்த ரயில் எத்தனை மணிக்குப் போகும் என்று எனக்கு மனப்பாடம். ரயில் இல்லாத இடைவெளிகளில்தான் என் இசை பிறந்தது என்று பெருமையாகச் சொல்லிக்கொள்வேன்.

என்னிடம் பெருமை நிறைய இருந்தது. அதை இப்போது எழுதும்போது காது சுடுகிறது. டாக்குமெண்டரிக்கு இசை போடுவதில் எனக்கென்று ஒரு முறை வைத்திருந்தேன். பேச்சை முழுக்க அணைத்துவிடுவேன். ஸ்கிரீனில் முகம் மட்டும் தெரியும், வாய் அசையும், சத்தம் இருக்காது. "வார்த்தை பொய் சொல்லும், முகம் பொய் சொல்லாது" என்று ஒரு கல்லூரியில் மாணவர்களுக்குச் சொல்லியிருக்கிறேன். அவர்கள் நோட்டில் எழுதிக்கொண்டார்கள். அந்தப் பிள்ளைகள் அந்தப் பக்கத்தைக் கிழித்துப் போட்டிருந்தால் நன்றாயிருக்கும்.

அந்த முறையில்தான், இங்கே சொல்ல வந்த ஒரு அக்காவின் படத்துக்கும் நான் இசை போட்டேன்.

அம்பத்தூர் இண்டஸ்ட்ரியல் எஸ்டேட்டில் ஒரு எக்ஸ்போர்ட் கம்பெனியை, அதாவது துணி தைத்து வெளிநாட்டுக்கு அனுப்பும் கம்பெனியை, மூடிவிட்டார்கள். அங்கே வேலை பார்த்த பெண்கள் பிறகு என்ன ஆனார்கள் என்பதுதான் படம். இயக்கியது ஒரு சின்ன வயதுப் பெண். கெட்டிக்காரி, என்னை அண்ணா என்று கூப்பிடுவாள். செலவுக்குப் பணம் கொடுத்தது அதே எஸ்டேட்டில் இருக்கும் வண்டிகளுக்குப் பாகங்கள் செய்யும் ஒரு பார்ட்ஸ் கம்பெனி. சமூக சேவைக்கென்று கம்பெனிகள் ஒதுக்கும் பணம். சின்ன பட்ஜெட் என்பதால் இசையும் நானே, ஒலியைச் சுத்தம் செய்து கலந்து கொடுப்பதும் நானே.

படத்தில் ஆறு பெண்கள் வருவார்கள். அந்த அக்கா ஐந்தாவது. ஐம்பது வயது இருக்கும். சமையலறையில் ஸ்டூல் போட்டு உட்கார்ந்திருப்பார். "எக்ஸ்போர்ட் வேலை போனதுல வருத்தம் உண்டாக்கா?" என்று இயக்குநர் கேட்பாள். அக்கா பதில் சொல்லாமல் பக்கவாட்டில் திரும்பி எதையோ பார்ப்பார். கண் அசையாது. உதடு இறுகியிருக்கும். பதினோரு வினாடி. பிறகு ஒரு பெருமூச்சு விட்டு, "இல்ல" என்பார். அதோடு அந்தக் காட்சி முடியும்.

அந்தப் பதினோரு வினாடியைப் பார்த்தபோது எனக்கு மயிர்க்கூச்செறிந்தது. அந்தக் கம்பெனியில் அவர் பார்த்த பன்னிரண்டு வருட வேலையும் அதில் போன இளமையும் அந்த முகத்தில் இருப்பதாகவே நினைத்தேன். செல்லோவைக் கொண்டுவந்தேன். வயலின் குடும்பத்தில் பெரியது அது, அடித் தொண்டையிலிருந்து அழுகிற வாத்தியம். என்னிடம் நிஜ வாத்தியம் கிடையாது, கீபோர்டில் வரும் அதன் சத்தம்தான். ஒரே ஸ்வரத்தில் தொடங்கி, நடுவில் ஒரு படி இறங்கி, அந்தப் பெருமூச்சோடு சேர்ந்து நானும் மூச்சை விட்டேன். ஒலியைச் சுத்தம் செய்யும்போது அவருடைய மௌனத்தின் நடுவில் ஒரு சத்தம் கம்ப்யூட்டர் திரையில் மேடு மாதிரி கோடாகத் தெரிந்தது. ஏதோ பாத்திரம் விழுந்திருக்கும் என்று, என்னவென்று கேட்டுக்கூடப் பார்க்காமல் அழித்தேன்.

படம் பேசப்பட்டது. ஒரு விழாவில் எனக்குச் சிறந்த இசைக்கான பரிசு கொடுத்தார்கள். தேர்வுக் குழுவில் ஒருவர் மேடையில் அந்தப் பதினோரு வினாடியைத் தனியாகப் போட்டுக்காட்டினார். அரங்கத்தில் மூக்கை உறிஞ்சும் சத்தம் கேட்டது. அந்தத் துண்டை யாரோ போனில் அனுப்ப, அது எஸ்டேட் முழுக்கச் சுற்றியது. வீட்டுக்கு வந்து அப்பாவிடம் கேடயத்தைக் கொடுத்தேன். அவர் அதைத் திருப்பிப் பார்த்து, "கனமா இருக்கே" என்றார்.

அதற்கு நாலைந்து மாதம் கழித்து யு.பி.எஸ். பாட்டரி மாற்ற எஸ்டேட்டுக்குப் போயிருந்தேன். மத்தியானம். கடைக்காரர் ஒரு மணி நேரம் ஆகும் என்றார். பசி. பின் சந்தில் ஒரு மெஸ்ஸில் கூட்டம் நின்றது, நானும் போய் உட்கார்ந்தேன். இலை போட்டவரை நிமிர்ந்து பார்த்தால், அதே அக்கா.

எனக்கு உள்ளுக்குள் ஒரே குஷி. "உங்களுக்கு இசை போட்டது நான்தான்" என்று சொல்லப்போகிறேன், அவர் கண் கலங்கப் போகிறார், காசு வாங்க மறுக்கப் போகிறார், நான் வற்புறுத்திக் கொடுக்கப் போகிறேன் என்று சாம்பார் வருவதற்குள் முழுக்கதையும் மனசில் ஓட்டிவிட்டேன். வாயைத் திறப்பதற்குள் பக்கத்தில் சாப்பிட்டுக்கொண்டிருந்த ஒரு தொழிலாளி முந்திக்கொண்டார்.

"யக்கா, போன்ல உன் படம் பாத்தேன். நீ அழுவறத பாத்து எங்க ஊட்ல பொண்டாட்டியும் அழுதுச்சு."

அக்கா சாம்பார் வாளியை டம்மென்று கீழே வைத்தார்.

"எங்கய்யா அழுதேன்? நீ பாத்தியா கண்ணுல தண்ணிய? குக்கர்ல பருப்பு வெச்சிருந்தேன். ரெண்டு விசிலு வந்துடுச்சு, மூணாவது வரட்டும்னு அடுப்பயே பாத்துகினு இருந்தேன். அந்தப் பொண்ணு கேள்வி கேட்டுச்சு. விசிலு வந்துச்சு, அப்பாடான்னு மூச்ச உட்டு, இல்லன்னு சொன்னேன். அவ்ளோதான். இவனுங்க விசில எடுத்துட்டு சாவுக்கு ஊதற மாரி ஒரு மியூசிக்க போட்டுட்டானுங்க. அந்த மியூசிக் போட்டவன் மட்டும் என் கையில கெடச்சான்னு வையி…"

சுற்றி இருந்தவர்கள் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். சிரிக்காவிட்டால் கண்டுபிடித்துவிடுவார்கள் என்று பயமாக இருந்தது.

அன்றைக்கே மீதியும் தெரிந்தது. எல்லோருக்கும் கேட்கிற மாதிரி அவரே சொன்னார். படத்துக்குப் பணம் கொடுத்த பார்ட்ஸ் கம்பெனியில் இருநூறு பேர் சாப்பிடும் கேண்டீன் இருக்கிறது. அதை எடுத்து நடத்த வேண்டும் என்பதுதான் அவர் மெஸ் ஆரம்பித்த நாளிலிருந்து ஆசை. கம்பெனிக்கு மனு எழுதிக் கொடுத்திருந்தார். கம்பெனியிலிருந்து ஆட்கள் வந்து சாப்பிட்டுப் பார்த்து நன்றாயிருக்கிறது என்றும் சொல்லிவிட்டார்கள். கேமராவுக்கு முன்னால் உட்கார்ந்ததே, கம்பெனிக்காரர்கள் பார்ப்பார்கள், தன் சமையலறையைப் பார்த்தால் நம்பிக்கை வரும் என்றுதான். அவர்களும் தங்கள் ஹாலில் படத்தைப் போட்டுப் பார்த்தார்கள். மறுநாள் மேனேஜர் கூப்பிட்டு அனுப்பினார்.

"இன்னா சொன்னான் தெரியுமா? 'நீங்க இவ்ளோ மனக்கஷ்டத்துல கீறீங்கன்னு தெரியாதும்மா. இருநூறு பேர் பொறுப்பெல்லாம் இப்ப வேணாம். உங்களுக்கு ஒரு ஒதவி பண்றோம்'னு சொல்லி, மேடையில நிக்க வெச்சு, தையல் மிஷின குடுத்தானுங்க."

மூலையில் அது இருந்தது. அதன் மேல் தண்ணீர் டம்ளர்களைக் கவிழ்த்து வைத்திருந்தார்.

வெளியே வந்ததும் இயக்குநருக்குப் போன் செய்தேன். விஷயத்தைச் சொல்லி, அந்த இடத்தில் இசையை எடுத்துவிட்டு விசிலைத் திரும்பப் போட்டு மாற்றிவிடலாமா என்று கேட்டேன். "ஐயோ அண்ணா, அந்த இடம்தான் படமே. எல்லாரும் அதைத்தான் பேசறாங்க. அதுல மட்டும் கை வைக்காதீங்க" என்றாள். நான் வாதாடியிருக்கலாம். "சரிம்மா" என்றேன். உடனே சொன்னேன், யோசிக்கக்கூட இல்லை. அவள் மறுத்ததில் எனக்குள் ஒரு நிம்மதி இருந்தது என்பதை ஒத்துக்கொள்கிறேன்.

அப்படியே ஒதுங்கிப் போயிருந்தால் ஒருவிதத்தில் நேர்மை. நான் அதையும் செய்யவில்லை. வாரத்துக்கு இரண்டு நாள் அந்த மெஸ்ஸுக்குச் சாப்பிடப் போக ஆரம்பித்தேன். என்ன வேலை என்று கேட்டார். அப்பா சொன்னதையே சொன்னேன்: "கம்ப்யூட்டர்ல சவுண்டு வேலைக்கா." கொஞ்ச நாளில் என்னை நைனா என்று கூப்பிட ஆரம்பித்தார். எனக்குக் கத்தரிக்காய் ஆகாது என்று தெரிந்துகொண்டு தனியாக முட்டைக்கோஸ் எடுத்து வைப்பார். நான் தேவையில்லாமல் இரண்டாவது ஆம்லெட் வாங்குவேன், பார்சல் வாங்குவேன், மீதிச் சில்லறையை விட்டுவிட்டு வருவேன். பிராயச்சித்தம் என்று நினைப்பு. மேனேஜர் செய்ததைத்தான் நான் ஆம்லெட்டில் செய்துகொண்டிருக்கிறேன் என்று அப்போது உறைக்கவில்லை.

வாடிக்கையாளர் யாராவது படத்தைப் பற்றிப் பேச்செடுத்தால் அக்கா அந்த மியூசிக்காரனைத் திட்டத் தொடங்குவார். ஒரு நாள் என்னைப் பார்த்து, "நீ சொல்லு நைனா, சவுண்டு வேல பாக்கற, எவனாச்சும் இப்பிடி செய்வானா?" என்று கேட்டார்.

"அவன் ஒரு லூசுக்கா" என்றேன்.

அதைச் சொல்லும்போது எனக்குக் கஷ்டமாகக்கூட இல்லை. நன்றாக நடித்தேன். வீட்டுக்கு வந்த பிறகுதான் அருவருப்பாக இருந்தது.

மூன்று மாதம் இப்படிப் போனது. அப்புறம் ஒரு நாள் கூட்டம் குறைந்த பிறகு, என் எதிரில் வந்து உட்கார்ந்தார். கம்பெனி கேண்டீனை நடத்தும் ஆளின் ஒப்பந்தம் முடியப்போகிறதாம், வேறு ஆள் பார்க்கிறார்களாம். திரும்ப எழுதிக் கொடுத்திருக்கிறார். மேனேஜர் திங்கள்கிழமை பதினோரு மணிக்கு வரச் சொல்லியிருக்கிறார்.

"நேர்ல போயி சொன்னா நம்ப மாட்டேங்கறான். 'தைரியமா பேசறீங்க, ஆனா மனசுல இன்னா கீதுன்னு படத்துல பாத்தோமே'ன்றான். நீ சவுண்டு ஆளுதான? அந்தப் படத்துல அந்த மியூசிக்க எடுத்துட்டு வெறும் சத்தம் மட்டும் வர்ற மாரி பண்ண முடியுமா? போன்ல போட்டுக் காட்டிடுவேன்."

முடியும் என்றேன். வீட்டுக்குப் போய் அந்தப் படத்தின் பழைய ஃபைல்களைத் திறந்து, என் செல்லோவை அணைத்தேன். சுத்தம் செய்வதற்கு முந்தைய அசல் ஒலியைப் போட்டேன். அந்த இடத்தை முதல் தடவையாகக் காதால் கேட்டேன். அடுப்பு எரியும் சத்தம். பக்கத்து அறையில் யாரோ இலையை உதறும் சத்தம். ஒன்பதாவது வினாடியில் கணீரென்று ஒரு விசில். அப்புறம் அந்தப் பெருமூச்சு. அதில் துக்கம் ஒரு துளி கிடையாது. "இல்ல" என்று சொன்ன குரலில் ஒரு அலட்சியம், கொஞ்சம் சிரிப்புகூட. எடிட்டில் வெட்டிப்போட்ட மீதியில், எழுந்து போய் அடுப்பை அணைத்துவிட்டு, "வருத்தப்பட்டுகினு உக்காந்தா பருப்பு அடிபுடிச்சிடும்மா" என்கிறார். இயக்குநர் சிரிக்கிறாள். இவ்வளவும் என் கம்ப்யூட்டரிலேயே இருந்திருக்கிறது. கேட்டிருந்தால் போதும்.

மறுநாள் போனில் போட்டுக் கொடுத்தேன். அக்கா பார்த்தார். விசில் வந்ததும் தொடையைத் தட்டிச் சிரித்தார். இரண்டாவது தடவை பார்த்தார். பிறகு என்னைப் பார்த்தார்.

"எப்பிடி எடுத்த? மியூசிக்க தனியா எடுக்கவே முடியாதுன்னு அந்தப் பொண்ணு சொல்லுச்சே."

"போட்டவனுக்கு எடுக்கத் தெரியாதாக்கா."

"இன்னா?"

"நான்தான்க்கா போட்டேன்."

கையில் கரண்டி இருந்தது. ஓங்குவார் என்று நினைத்தேன். ஓங்கியிருக்கலாம்.

"மூணு மாசமா என் கையால துன்னுட்டு, 'அவன் ஒரு லூசுக்கா'ன்னு சொன்னது நீதான?"

"ஆமாங்க்கா."

"அத மட்டும் உண்மைய சொல்லிகீற." கரண்டியை மேசையில் வைத்தார். "என் மூஞ்ச பாத்தா அழுவற மூஞ்சியாவா கீது?"

என் முறையைச் சொன்னேன். பேச்சை அணைத்துவிட்டு முகத்தை மட்டும் பார்த்து இசை போடுவேன் என்று. கல்லூரியில் சொன்னபோது இருந்த கம்பீரம் அதில் இல்லை. முட்டாள்தனம் மட்டும்தான் இருந்தது.

"காதுக்குதான் உனக்கு சம்பளம். காதால கேக்காமயே வேல பாத்துகீற" என்றார். அப்புறம் மூலைக்குப் போனார். டம்ளர்களை எடுத்து அடுக்கினார். திரும்பி வந்தபோது கோபத்தை ஒதுக்கிவைத்துவிட்டு வேலையைப் பார்க்கிறவராக வந்தார். "இத மட்டும் காட்டினா, நானே எங்கனா குடுத்து மாத்திகினேன்னு சொல்லுவான். நீ வா. திங்கக்கெழம பதினோரு மணிக்கு கம்பெனி கேட்டாண்ட வந்துடு. போட்டவன் நீ. 'என் தப்பு சார், இந்தம்மா அழுவல'ன்னு உன் வாயால சொல்லு. அது போதும் எனக்கு."

"வரேன்க்கா" என்றேன். சத்தியமாக வருவதாகத்தான் சொன்னேன்.

திங்கள்கிழமை சலவைச் சட்டை போட்டுக்கொண்டு, கொரட்டூரிலிருந்து ஷேர் ஆட்டோவில் ஏறினேன். பாடி தாண்டும்போது இயக்குநரிடமிருந்து போன்.

"அண்ணா, சந்தோஷமான விஷயம். அடுத்த படத்துக்கும் கம்பெனி ஓகே பண்ணிட்டாங்க. மூணு படமா சீரீஸ் பண்ணலாம்னு சொல்றாங்க. மேனேஜர் சாரே சொன்னார், மியூசிக் அதே ஆள்தான் வேணுமாம். அந்தம்மா அழுவாங்களே, அந்த மாதிரி ஒண்ணு கண்டிப்பா வேணுமாம்."

நான் நன்றி சொன்னேன். போனைச் சட்டைப் பையில் வைத்தேன். அதற்கப்புறம் எஸ்டேட் வரும் வரை நான் யோசித்ததையெல்லாம் இங்கே எழுதினால் எனக்கு ஏதோ பெரிய போராட்டம் நடந்தது மாதிரி தெரியும். அப்படி ஒன்றும் நடக்கவில்லை. இன்றைக்கே சொல்ல வேண்டுமா, படம் கையெழுத்தான பிறகு சொன்னால் என்ன என்று ஒரு எண்ணம் வந்தது. வந்தவுடன் அதைப் பிடித்துக்கொண்டேன்.

தூரத்திலேயே அக்காவைப் பார்த்துவிட்டேன். கம்பெனி கேட் ஓரமாக, அரக்குக் கலர்ப் பட்டுச்சேலையில், கையில் பிளாஸ்டிக் ஃபைலோடு நின்றுகொண்டிருந்தார். தலையில் பூ. வரும் ஒவ்வொரு ஆட்டோவுக்குள்ளும் குனிந்து பார்த்துக்கொண்டிருந்தார்.

"கம்பெனி கேட்ல யார்னா எறங்கறீங்களா?" என்று டிரைவர் கேட்டார்.

நான் வாயைத் திறக்கவில்லை. முகத்தை அந்தப் பக்கம் திருப்பிக்கொண்டேன். யாரும் பதில் சொல்லாததால் ஆட்டோ நிற்காமல் போனது. அம்பத்தூர் ஓ.டி. பஸ் ஸ்டாண்டு வரைக்கும் போய் இறங்கி, ஒரு டீ குடித்தேன். போன் இரண்டு தடவை அடித்தது. அக்காதான். எடுக்கவில்லை. மூன்றாவது தடவை அடிக்கவில்லை.

இந்தத் தொழிலில் நான் செய்த தவறுகள் எத்தனையோ உண்டு. சுருதி பிசகியிருக்கிறது, தாளம் பிசகியிருக்கிறது, ஒரு ஏரிப் படத்தில் கடல் அலைச் சத்தத்தைப் போட்டு மாட்டிக்கொண்டிருக்கிறேன். அதையெல்லாம் நண்பர்களிடம் சிரித்துக்கொண்டே சொல்வேன். இதை மட்டும் யாரிடமும் சொன்னதில்லை. விசிலை அழித்தது தெரியாமல் செய்தது. ஆட்டோவில் உட்கார்ந்திருந்தது தெரிந்தே செய்தது.

புதுப் படத்தில் கையெழுத்துப் போட்டேன். மேனேஜர் என் கையைப் பிடித்துக் குலுக்கி, என் இசையைக் கேட்டு அவர் மனைவி அழுததாகச் சொன்னார். நான் தலையைக் குனிந்து வாங்கிக்கொண்டேன். அதை அவர் அடக்கம் என்று எடுத்துக்கொண்டிருப்பார்.

ஐந்து வாரம் அந்தச் சந்துப் பக்கமே போகவில்லை. திட்டு வாங்கினால் மனசு கொஞ்சம் ஆறும் என்று தோன்றியபோதுதான் போனேன். கூட்டம் எல்லாம் போன பிறகு போனேன். நாலு பேர் நடுவில் திட்டு வாங்குகிற தைரியம் எனக்கு அப்போதும் வரவில்லை.

அக்கா இலைக்கட்டைப் பிரித்துக்கொண்டிருந்தார். நிமிர்ந்து பார்த்தார்.

"வா நைனா. ஒடம்பு இப்ப எப்பிடி கீது?"

எனக்குப் புரியவில்லை. நின்றேன்.

"அன்னிக்கு பன்னெண்டு வரிக்கும் கேட்டாண்ட நின்னு பாத்தேன். அப்பறம் உள்ள போயிட்டேன். மேனேஜரு, 'எங்கம்மா, கூட வர்றதா சொன்ன ஆளு?'ன்னு கேட்டாரு. ஜுரம் சார், எழுந்துக்கவே முடில, இல்லாங்காட்டி வந்துருப்பான், சொன்ன சொல்லு தவறற ஆளு இல்லன்னு சொல்லிட்டேன்."

"கேண்டீன் என்னாச்சுக்கா?"

"பூந்தமல்லிப் பக்கம் எவனோ ஒருத்தன். அவனுக்குக் குடுத்துட்டாங்க."

அதைச் சாதாரணமாகத்தான் சொன்னார். சொல்லிவிட்டு இலையை என் முன்னால் போட்டு, தண்ணீர் தெளித்தார். பிறகு நேராக என் முகத்தைப் பார்த்துக் கேட்டார்.

"ஜுரம்தான?"

இல்லை என்று சொல்ல எனக்கு இடம் விட்டுத்தான் கேட்டார். அவருக்கு எல்லாம் தெரிந்திருந்தது, அதில் எனக்குச் சந்தேகமே இல்லை. பொய்யாக இருந்தாலும் என் பெயரைக் காப்பாற்றி வைத்திருந்தார், அதைக் காப்பாற்றிக்கொள்கிறேனா என்று பார்க்கிறார். நான் அவர் கண்ணைப் பார்க்காமல் இலையைப் பார்த்தேன்.

"ஆமாங்க்கா" என்றேன்.

அவர் உள்ளே போனார். மிளகு தட்டும் சத்தம் கேட்டது. கொஞ்ச நேரத்தில் ஒரு டம்ளர் நிறைய ரசத்தைச் சூடாகக் கொண்டுவந்து என் கையில் கொடுத்தார். அவர் முகத்தில் கோபம் இல்லை. எத்தனையோ முகங்களுக்கு இசை போட்டவன் நான். ஒரு மனுஷன் இன்னொரு மனுஷனைப் பார்த்து, ஐயோ, இவன் இவ்வளவுதானா என்று இரக்கப்படும்போது முகம் எப்படி இருக்கும் என்று அன்றைக்குத்தான் பார்த்தேன்.

"குடி, ஜுரம் வந்த ஒடம்பு. ஆற வெக்காத."

அவர் நின்று பார்த்துக்கொண்டிருக்க, கடைசிச் சொட்டு வரை குடித்தேன். தொண்டை எரிந்தது.

"இப்ப தேவலியா?" என்று கேட்டார்.

"தேவலைக்கா" என்றேன்.